வங்கிக் கடன் பாக்கி: மக்கள் நீதிமன்ற நோட்டீஸ் வந்திருக்கா? கையெழுத்து போடும் முன் இதைப் படிங்க!

கடன் தவணை நின்று மாதக்கணக்காகிவிட்டது. திடீரென ஒருநாள், தேசிய மக்கள் நீதிமன்றத்துக்கு வந்து சமரசம் பேசிக்கொள்ளும்படி நோட்டீஸ் வருகிறது. நிலக்கோட்டை பூ விவசாயியோ, ஒட்டன்சத்திரம் காய்கறி வியாபாரியோ, யாராக இருந்தாலும் முதலில் வருவது பயம்தான். வாரண்டா? ஜப்தியா?

இரண்டும் இல்லை. இது பேச்சுவார்த்தைக்கான அழைப்பு. லோக் அதாலத் எனப்படும் மக்கள் நீதிமன்றம், 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டப்படி நடக்கிறது. வங்கி வழக்கு போடுவதற்கு முன்பே பாக்கியை இங்கே கொண்டுவர முடியும். கட்டணம் கிடையாது. ஏற்கெனவே நடக்கும் வழக்கு இங்கு முடிந்தால், கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைக்கும்.

வட்டியைக் குறைப்பது யார்?

'ஜட்ஜ் பார்த்து குறைச்சு விடுவார்' என்று நம்பிப் போகிறவர்கள் உண்டு. அமர்வில் நீதிபதி இருப்பார், ஆனால் அவர் பேசி வைப்பவர் மட்டுமே. தள்ளுபடி கொடுப்பது வங்கிதான். எவ்வளவு விட்டுக்கொடுக்கலாம் என்பதற்கு ஒவ்வொரு வங்கிக்கும் ஒரு கொள்கை இருக்கிறது. வருகிற மேலாளர் அந்த வரம்புக்குள்தான் பேச முடியும். ஒரே தவணையில் தீர்க்கும் சலுகையை உரிமையாகக் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றமும் 2021இல் சொல்லிவிட்டது.

அதனால் முன்கூட்டியே கிளைக்குப் போய் கணக்கு விவரத்தை வாங்கிடுங்க. அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, அபராத வட்டி எவ்வளவு என்று தனித்தனியாகத் தெரிந்தால்தான் பேரம் பேச முடியும்.

கையெழுத்து போட்ட பிறகு?

விஷயமே இங்கேதான் இருக்கு. ஒரு உதாரணம்: அசல் 2 லட்சம், வட்டியோடு பாக்கி 3.40 லட்சம். 2.40 லட்சத்தை 6 மாதத்தில் கட்டினால் போதும் என்கிறது வங்கி. நல்ல சலுகைதான். ஆனால் மாதம் 40 ஆயிரம் கையில் வருமா?

இரு தரப்பும் கையெழுத்திட்டதும் அது சிவில் கோர்ட் தீர்ப்பாணைக்குச் சமம். மேல்முறையீடு கிடையாது. ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்பது போன்ற மிகக் குறுகிய காரணங்களுக்காக மட்டுமே உயர் நீதிமன்றத்துக்குப் போக முடியும். தவணை தவறினால் வங்கி புதிதாக வழக்கு நடத்தி கடனை நிரூபிக்க வேண்டியதில்லை. நேராக நிறைவேற்று மனு போட்டு சொத்து ஜப்தி கேட்கலாம். இதற்கு 12 ஆண்டு வரை அவகாசம் இருக்கிறது.

இன்னொன்று: 'ஒரு தவணை தவறினாலும் சலுகை ரத்து, முழு பாக்கியும் கட்ட வேண்டும்' என்ற வரி ஒப்பந்தத்தில் இருக்கிறதா என்று பாருங்க. இருந்தால் அந்த 3.40 லட்சம் திரும்ப உயிர் பெற்றுவிடும். பூ சீசன், அறுவடை என்று உங்களுக்குப் பணம் வரும் மாதங்களைச் சொல்லி, அதற்கேற்ற தேதிகளை எழுதச் சொல்வதில் தப்பே இல்லை.

ஒத்துவரவில்லையா? கையெழுத்து போடாமல் வந்துவிடலாம், கட்டாயப்படுத்த முடியாது. ஆனால் கடன் அப்படியேதான் இருக்கும். வங்கி கோர்ட்டுக்குப் போகலாம். 20 லட்சத்துக்கு மேல் என்றால் மதுரையில் உள்ள கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்கும் போகலாம்.

பணம் கட்டி முடித்த பிறகு

பாக்கி இல்லை என்ற சான்றிதழை மறக்காமல் வாங்குங்க. வீட்டுக் கடன், கல்விக் கடன் போன்ற தனிநபர் கடன் என்றால், அடமான ஆவணங்களை 30 நாளில் திருப்பித் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. அதேநேரம், தள்ளுபடியில் முடித்த கடன் சிபில் அறிக்கையில் 'குளோஸ்டு' என்று வராமல் 'செட்டில்டு' என்றுதான் பதிவாகும். அடுத்து கடன் கேட்கும்போது இது இடிக்கும். மேலாளர்கள் இதைத் தாமாகச் சொல்வது அபூர்வம், நீங்களே கேளுங்க.

ஒப்பந்தத்தைப் படித்துப் புரிந்துகொள்ள உதவி வேண்டுமென்றால், திண்டுக்கல் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பழனி, நிலக்கோட்டை, வேடசந்தூர் பகுதியினர் அங்குள்ள வட்ட சட்டப்பணிகள் குழுவிலேயே விசாரிக்கலாம். இலவச உதவி எண் 15100.