மொட்டை போட்டாலும் முகம் தெரியும்

விஜயபுரத்திலிருந்து ஒரு குடும்பம் நகரி, புத்தூர் வழியாகத் திருமலைக்குப் போகிறது என்று வைத்துக்கொள்வோம். அறை எடுக்கும்போது அப்பாவுக்குத் தலை நிறைய முடி. முடி காணிக்கை கொடுக்கும் கல்யாணகட்டாவிலிருந்து திரும்பும்போது மொட்டை, அதன்மேல் சந்தனம். மறுநாள் அறையைக் காலி செய்துவிட்டு, கட்டிய முன்பணத்தைக் கேட்டு நிற்கிறார். அங்கே முகத்தைச் சரிபார்க்கும் கேமராவுக்கு அவரை அடையாளம் தெரியுமா?

பெரும்பாலும் தெரிந்துவிடும். முகம் அறியும் மென்பொருள் முடியை நம்பி இல்லை. கண்களுக்கு நடுவே உள்ள இடைவெளி, மூக்கின் அமைப்பு, தாடையின் வளைவு என முகத்தின் சாயலை எண்களாக மாற்றி, முதல் நாள் எடுத்த படத்தோடு ஒப்பிடுகிறது.

திருமலை திருப்பதி தேவஸ்தானம் இதை 2023 மார்ச் 1 அன்று சோதனை முறையில் தொடங்கியது. குறி, தரகர்கள்மேல். அறைகளைத் தாங்கள் எடுத்துக் கைமாற்றி விடுவது, ஒரே ஆள் திரும்பத் திரும்ப லட்டு டோக்கன் வாங்குவது எல்லாம் முகத்தைக் காட்டச் சொன்னால் நடக்காது. புதுக் கருவி வந்தால் யாருடைய பிழைப்போ அடிபடும். விசைத்தறி வந்தபோது அடிபட்டது கைத்தறி நெசவாளி. தறிச்சத்தத்தோடு வாழும் நகரிக்காரர்களுக்கு அது தெரிந்த கதை. மலைமேல் முதலில் ஆட்டம் கண்டதோ தரகர் பிழைப்பு. அதற்காக யாரும் அழப்போவதில்லை!

2025 செப்டம்பரில் வைகுண்டம் வரிசை வளாகத்தில் செயற்கை நுண்ணறிவுக் கட்டுப்பாட்டு மையம் வந்தது. எந்தக் கூடத்தில் எத்தனை பேர், தரிசனத்துக்கு எவ்வளவு நேரமாகும் என்று கேமராக்கள் கணிக்கின்றன. மையத்தின் திரைகளைப் பார்த்துக்கொண்டிருக்க ஆட்கள் வேண்டும். அது புது வேலை.

மடப்பள்ளியில் நிலைமை வேறு. லட்டுகளை ஏற்றிச்செல்ல நகரும் பட்டை உண்டு. நாளொன்றுக்கு 3 லட்சத்துக்கும் மேல் லட்டு. ஆனால் பிடிப்பது இன்னும் கைதான்.

உண்டியல் காணிக்கை எண்ணும் பரக்காமணியிலும் நேற்றுவரை கைதான் பெரிது. 2023இல் அங்கே வெளிநாட்டு நோட்டுகளைத் திருடியதாக ஒருவர் சிக்கினார். அந்த வழக்கு நீண்டு, எந்திரங்களையும் செயற்கை நுண்ணறிவையும் கொண்டு எண்ணலாமே என்று 2025இல் ஆந்திர உயர் நீதிமன்றம் சொல்லும்வரை வந்தது. அங்கே எண்ணுகிறவர்களில் பலர் சேவைக்கு வந்த பக்தர்கள். பை இல்லாத உடை, வெளியே வந்தால் சோதனை, சம்பளம் கிடையாது. இவர்கள் எந்திரத்துக்கு இடம்விட்டு எழுந்தால், அது எந்த வேலையிழப்புக் கணக்கிலும் ஏறாது.