எட்டயபுரத்துக் கவிஞனுக்கு உருவம் தந்தவர்

பாரதியாரின் நிழற்படங்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவை. அவருடைய குரலோ எந்த இசைத்தட்டிலும் பதிவாகவில்லை. ஆயினும் கோவில்பட்டி, எட்டயபுரம், ஓட்டப்பிடாரம் என விரியும் கரிசல் சீமையில் முதியோர் ஒருவரைக் கண்மூடிப் பாரதியை நினைக்கச் சொன்னால், நடந்து வருகிற, கனன்று பேசுகிற ஓர் உருவம் அவர் உள்ளத்தில் எழும். அவ்வுருவம் பெரும்பாலும் செங்கோட்டை எஸ். வி. சுப்பையாவினுடையதாகவே இருக்கும். உருவம் நிலைத்துவிட்டது, உரியவர் பெயரைத்தான் இளையோர் அறியார்.

சுப்பையா சிறு வயதிலேயே நாடகக் கம்பெனிக்குச் சென்றவர். அக்கம்பெனிகளின் வேரும் நம் பக்கத்து மண்ணிலேதான் இருக்கிறது. தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த சங்கரதாஸ் சுவாமிகள், 1918இல் மதுரையில் சிறுவர்களைக் கொண்டே ஒரு நாடக சபையை அமைத்தார். அவ்வழியில் எழுந்த பாலர் கம்பெனிகளில் பிள்ளைகள் பெற்றோரைப் பிரிந்து, கம்பெனிச் சோறுண்டு, வாத்தியார் சொல்லித்தரும் பாட்டையும் வசனத்தையும் நெட்டுருச் செய்தனர். மகரக்கட்டு உடைந்து குரல் மாறும் பருவம் வந்தால் எதிர்காலமே ஐயத்துக்குரியதாகும். நேற்றுவரை ராஜபார்ட்டாக நின்ற சிறுவன் இன்று திரை இழுக்கவும் நேரிடும். எந்த வேடமானாலும் சிறு வேடமன்று என்னும் பாடத்தை நடிகர்களுக்குப் புகட்டியது அந்தக் கடுமையான வாழ்வே என்று நாம் எண்ணுகிறோம்.

பின்னர் சக்தி நாடக சபாவில், எஸ். டி. சுந்தரம் எழுதிய 'கவியின் கனவு' நாடகத்தில் சுப்பையா கவிஞன் வேடம் ஏற்றார். எம். என். நம்பியார் ராஜகுரு. அன்றைய விடுதலை வேட்கைக்கு அந்நாடகம் நல்ல தீனி. திரையில் பாரதியாவதற்குச் சுமார் பதினைந்து ஆண்டுகளுக்கு முன்பே அவர் மேடையில் கவிஞனாக வாழ்ந்து பார்த்துவிட்டார் என்பது நோக்கத்தக்கது.

திரைக்கு வந்தபின் அவருக்கு வாய்த்தவை பெரும்பாலும் தந்தை வேடங்கள். 'பாகப் பிரிவினை' (1959) படத்தில் டி. எஸ். பாலையாவும் அவரும் அண்ணன் தம்பியர். ஒரே வீடு இரண்டாகும் துயரத்தைச் சுப்பையா அதிகம் பேசாமலே உணர்த்துவார். 'பாவ மன்னிப்பு' (1961) நம் இல்லங்களில் தனியே நினைக்கத்தக்கது. அதில் அவர் ஜேம்ஸ் என்னும் கிறிஸ்தவர். பிறர் பெற்ற குழந்தையை மேரி என்று பெயரிட்டு வளர்ப்பவர். கிறிஸ்தவர் என்றாலே தொப்பியும் கொச்சைத் தமிழும் என்று காட்டுவது திரையுலக வழக்கமாயிருந்த நாளில், நம் பங்கில் காணக்கூடிய ஒரு சாதாரண மனிதராக ஜேம்ஸை அவர் நிறுத்தினார்.

அதே 1961இல் வந்தது 'கப்பலோட்டிய தமிழன்'. ம. பொ. சிவஞானத்தின் நூலைத் தழுவி பி. ஆர். பந்துலு எடுத்த படம். ஓட்டப்பிடாரத்து வ. உ. சி.யாகச் சிவாஜி கணேசன். சுப்பிரமணிய சிவாவாக, சங்கரதாஸ் சுவாமிகளிடமே பயின்ற டி. கே. சண்முகம், பாரதியாகச் சுப்பையா. மூவரும் நாடக மேடையின் பிள்ளைகள். சிவாஜி நிற்கும் காட்சியில் மற்றொருவர் மீது கண் செல்வது அரிது. சுப்பையா அவரோடு போட்டியிடவில்லை. நிமிர்ந்த தலையும் சற்றே நடுங்கும் குரலும் அவருக்குப் போதுமாயிருந்தன. வறுமையும் செருக்கும் ஒரே முகத்தில் குடியிருப்பதை நாம் அங்கே கண்டோம். படம் அன்று வசூலில் தோற்றது. தேசிய விருது கிடைத்தும் பந்துலுவின் நட்டம் நட்டமே. பின்னாளில் மீண்டும் மீண்டும் காட்டப்பட்டே அது மக்கள் மனத்தில் ஊன்றியது.

குறையும் சொல்ல வேண்டும். சில குடும்பப் படங்களில் அவர் வடித்த கண்ணீர் அளவுக்கு மீறியதே. ஆனால் கே. பாலசந்தரின் 'அரங்கேற்றம்' (1973) படத்தில், வறுமையில் வாடும் புரோகிதராக வந்து, கண்ணீரை அடக்கினால் எவ்வளவு வலிக்கும் என்பதையும் அவரே காட்டினார்.

சம்பாதித்ததை அவர் ஒருமுறை துணிந்து பணயம் வைத்தார். ஜெயகாந்தனின் 'கைவிலங்கு' கதையை விரும்பி, 'காவல் தெய்வம்' (1969) என்று தாமே தயாரித்தார். கைதிகளைப் பிள்ளைகளாய்ப் பாவிக்கும் சிறை அதிகாரி வேடம் அவருக்கு. சிவாஜி சிறு வேடத்தில் வந்து துணைநின்றார்.

நடிப்புக்கு அப்பால் அவர் நாடியது உழவை. சென்னைக்கு வெளியே நிலம் வாங்கிப் பயிரிட்டார். 1980இல் காலமானார்.