நீதிமன்றத் தீர்ப்பின் அறுதித்தன்மை

ஒரு வழக்கில் இரு தரப்பையும் கேட்டு நீதிமன்றம் வழங்கிய முடிவு, மேல்முறையீட்டு வழிகள் முடிந்தபின் அத்தரப்பினரைக் கட்டுப்படுத்தும் என்பதே தீர்ப்பின் அறுதித்தன்மை ஆகும். அரசும் அதன் அலுவலர்களும் இதற்கு விலக்கு அல்லர். முல்லைப் பெரியாறு வழக்கு இக்கோட்பாட்டை நன்கு விளக்குகிறது.

வழக்கின் பின்னணி

திருவிதாங்கூர் மன்னருக்கும் ஆங்கிலேய அரசுக்கும் இடையே 1886 அக்டோபர் 29 அன்று 999 ஆண்டுக் குத்தகை ஒப்பந்தம் ஏற்பட்டது. அதன்படி பென்னிகுக் பொறுப்பில் அணை கட்டப்பட்டு 1895இல் திறக்கப்பட்டது. அணை கேரளத்தில் உள்ளது. அதன் நீர் தேனி, மதுரை உள்ளிட்ட தமிழக மாவட்டங்களுக்குப் பாய்கிறது. 1979இல் அணையின் உறுதி குறித்து அச்சம் எழுந்ததால் நீர்மட்டம் 136 அடியாகக் குறைக்கப்பட்டது. பின்னர் அணை பலப்படுத்தப்பட்டது.

நீர்மட்டத்தை 142 அடி வரை உயர்த்தலாம் என உச்ச நீதிமன்றம் 2006 பிப்ரவரி 27 அன்று தீர்ப்பளித்தது. மூன்று வாரங்களுக்குள், கேரள அரசு தன் நீர்ப்பாசன, நீர்ப் பாதுகாப்புச் சட்டத்தைத் திருத்தியது. அத்திருத்தம் 136 அடியையே வரம்பாக நிர்ணயித்தது. அணைப் பாதுகாப்பு ஆணையம் ஒன்றை அமைத்து, அணையின் செயல்பாட்டைக் கட்டுப்படுத்தும் அதிகாரத்தையும் அதற்கு அளித்தது. இதை எதிர்த்துத் தமிழ்நாடு உச்ச நீதிமன்றத்தை அணுகியது.

2014ஆம் ஆண்டுத் தீர்ப்பு

தலைமை நீதிபதி ஆர். எம். லோதா தலைமையிலான ஐந்து நீதிபதிகள் அமர்வு 2014 மே 7 அன்று, முல்லைப் பெரியாறு அணையைப் பொறுத்தவரை அத்திருத்தச் சட்டம் செல்லாது என அறிவித்தது. அதன் முக்கியக் காரணங்கள்:

1. சட்டமன்றம் ஒரு தீர்ப்புக்கு அடிப்படையான சட்டத்தை மாற்றலாம். தீர்ப்பையே நேரடியாக ரத்து செய்ய முடியாது. அது அதிகாரப் பிரிவினைக்கு எதிரானது.

2. அணை பாதுகாப்பானதா என்பது சான்றுகளைப் பார்த்து முடிவு செய்யப்பட்ட உண்மை. அந்த உண்மையைச் சட்டம் இயற்றி மாற்ற இயலாது.

3. அதே தரப்பினர் அதே பிரச்சினையை மீண்டும் எழுப்பக் கூடாது. இது 'முன்தீர்ப்புத் தடை' எனப்படும். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, பிரிவு 11 இதைக் கூறுகிறது. மாநிலங்களுக்கிடையேயும் இக்கோட்பாடு பொருந்தும்.

அணைக்குக் கீழே வாழும் மக்களின் அச்சம் புறக்கணிக்கத்தக்கதன்று. முன்னாள் தலைமை நீதிபதி ஏ. எஸ். ஆனந்த் தலைமையில் அமைக்கப்பட்ட குழு அணையை மீண்டும் ஆராய்ந்து, 2012இல் அறிக்கை அளித்தது. 2014 தீர்ப்பின்படி ஒரு மேற்பார்வைக் குழுவும் அமைக்கப்பட்டது. சூழ்நிலை மாறியிருந்தால் அதை நீதிமன்றத்தில்தான் எடுத்துரைக்க வேண்டும். ஒரு தரப்பே தனக்குச் சாதகமாக முடிவு செய்துகொள்ளக் கூடாது. அறுதித்தன்மையின் சாரம் இதுவே.

அலுவலர்களுக்கான வரம்பு

சட்டமன்றமே மீற முடியாததை ஓர் அலுவலர் மீற முடியாது. எடுத்துக்காட்டாக, விராலிமலை வட்டத்தில் ஒரு புஞ்சை நிலத்துக்காக அண்ணன் தம்பி இருவர் வழக்காடுவதாகக் கொள்வோம். உரிமையியல் நீதிமன்றம் நிலம் தம்பிக்கே உரியது என்று தீர்ப்பாணை வழங்குகிறது, மேல்முறையீடும் தள்ளுபடியாகிறது. அதன்பின் வட்டாட்சியர் புதிதாக விசாரணை நடத்தி, அண்ணன் பெயருக்குப் பட்டா வழங்க முடியாது. தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் 1983இன்படி, பட்டாப் பதிவுதான் நீதிமன்றத்தின் அறிவிப்புக்கு ஏற்பத் திருத்தப்பட வேண்டும். பட்டா வருவாய்த்துறைப் பதிவே. உரிமைப் பூசலைத் தீர்க்கும் பொறுப்பு உரிமையியல் நீதிமன்றத்துக்கே உண்டு.

உச்ச நீதிமன்றத்துக்கு எல்லா அதிகாரிகளும் துணைபுரிய வேண்டும் என அரசமைப்புச் சட்டத்தின் 144ஆம் பிரிவு கூறுகிறது. வேண்டுமென்றே தீர்ப்பை மீறுவோர் மீது நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971இன் கீழ் நடவடிக்கை எடுக்கலாம்.

தீர்ப்பை மாற்றும் வழிகள்

அறுதித்தன்மை என்றால் தீர்ப்பில் தவறே நேராது என்று பொருளல்ல. மேல்முறையீடு, சீராய்வு மனு ஆகிய வழிகள் உண்டு. உச்ச நீதிமன்றத்தில் சீராய்வும் தள்ளுபடியானால், மிக அரிதான சூழலில் மறுசீராய்வு மனு தாக்கல் செய்யலாம். மோசடியால் பெற்ற தீர்ப்புக்கும், அதிகார வரம்பில்லாத நீதிமன்றத்தின் தீர்ப்புக்கும் இப்பாதுகாப்பு கிடையாது. ஆனால் இவை அனைத்தையும் முடிவு செய்வது நீதிமன்றமே. தீர்ப்பில் உடன்பாடு இல்லாத அதிகாரி, உரிய காலத்தில் மேல்முறையீடு செய்யலாம்; தடையாணை கிடைக்காத வரை தீர்ப்பை நிறைவேற்றியே ஆக வேண்டும். இல்லையெனில், வழக்கில் வென்றவர் கையில் எஞ்சுவது வெறும் காகிதம் மட்டுமே.