பல்லில் ஓடும் பாவும் ஊடையும்

பொதட்டூர்பேட்டையில் கடல் கிடையாது, தறிச் சத்தம்தான். மாவட்டத்துக் கடல் பழவேற்காட்டில் இருக்கிறது. பவளத்திட்டு பார்க்க வேண்டுமென்றால் அதையும் தாண்டி மன்னார் வளைகுடாவுக்குப் போக வேண்டும். ஆனாலும் அங்கே மேயும் கிளிமீனின் கதையை முதலில் நெசவாளியிடம்தான் சொல்ல வேண்டும் என்பது என் கட்சி.

ராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையே 21 தீவுகளைச் சுற்றிய அந்தக் கடல் 1986 முதல் தேசியப் பூங்கா. அங்குள்ள கிளிமீன்களில் ஒன்றுக்கு விலங்கியலார் வைத்த பெயர் ஸ்கேரஸ் கோபன். மஞ்சள் உடம்பில் நீலப் பட்டை இருந்தால் பெரும்பாலும் பெண். காலம் வந்தால் அதுவே ஆணாகி, நீலமும் பச்சையுமாக நிறம் மாறிவிடும்.

வாய்தான் பெரிய அதிசயம். பற்கள் ஒன்றோடொன்று ஒட்டி அலகாகிவிட்டன. அலகால் பாறையைச் சுரண்டும் ஓசை முக்குளிப்பவர் காதுக்கே கேட்கும். வேண்டியது பாறைமேல் படிந்த பாசியும் நுண்ணுயிரும்தான். கல்லும் கூடவே உள்ளே போகிறது. பல் தாங்குமா? பசிபிக் கடலின் உறவினம் ஒன்றின் பல்லை அமெரிக்காவின் பெர்க்லி ஆய்வகத்தில் எக்ஸ் கதிர் கொண்டு ஆராய்ந்து 2017இல் முடிவை வெளியிட்டார்கள். முடியைவிட மெல்லிய கனிம இழைகள் கட்டுக்கட்டாக, பாவும் ஊடையுமாகக் குறுக்கும் நெடுக்கும் பின்னிக் கிடந்தன. கடிக்கும் நுனியை நெருங்க நெருங்க இழை சன்னமாகிறது, பல்லின் கடினம் கூடுகிறது. நூல் நம்பர் ஏறினால் சன்னம் என்பது தறிக்காரருக்குப் பழக்கம். சன்னமே உறுதியாவதை இங்கேதான் பார்க்கலாம். தறியும் இல்லை, நெய்தவன் கையும் கண்ணில் படவில்லை. எனக்குக் கைகூப்பத்தான் தெரிகிறது.

தொண்டைக்குள் இன்னொரு ஜோடி பல்தட்டு கல்லை மாவாக்கும். மிச்சம் வெள்ளை மணலாக வெளியேறும். மாலத்தீவின் வக்கரு தீவைச் சுற்றிப் புதிதாக உருவாகும் மணலில் 85 சதவீதத்துக்கு மேல் கிளிமீன்கள் தந்தது.

சில இனங்கள் தூங்குமுன் செவுளருகே சளி சுரந்து உடம்பு முழுக்க உறை போட்டுக்கொள்கின்றன. ஆஸ்திரேலியாவின் ஆய்வு ஒன்றில், உறை அகற்றிய மீன்களில் 94 சதவீதத்தை ரத்தம் குடிக்கும் ஒட்டுண்ணிகள் தாக்கின. உறையோடு இருந்தவற்றில் 10 சதவீதம்தான்.

2016இல் கடல் சூடேறி மன்னார் வளைகுடாப் பவளங்கள் வெளுத்தன. செத்த பவளத்தில் பாசி மண்டினால் குஞ்சுப் பவளம் ஒட்ட இடமிருக்காது. அந்தப் பாசியை வழித்தெடுத்து இடம் ஒழித்துக் கொடுப்பவற்றில் கிளிமீன் முக்கியமானது. மீன்கடைத் தட்டில் அதைப் பார்க்கும்போது எனக்கு விலை கேட்க மனம் வருவதில்லை.