கன்சோல் விளையாட்டில் மாத்திரைக் கணக்கு

முன்னுரை

ஒலியை வகுத்துரைக்கப் புகுந்த தமிழ் இலக்கணத்தார் முதற்கண் காலத்தை அளந்தனர். இயல்பாகக் கண்ணிமைக்கும் பொழுதையும் கைநொடிக்கும் பொழுதையும் ஒரு மாத்திரை எனக் கொண்டனர். குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை என்று அவர்கள் கண்ட அளவே இன்றும் நம் வகுப்பறைகளில் தொடக்கப் பாடமாக விளங்குகிறது. அந்த மாத்திரையினும் சிறிய காலக்கூறுகளை எண்ணிச் செலவிடும் கலையொன்று இன்று நம் மாணவர்தம் இல்லங்களுக்குள்ளேயே புகுந்துள்ளது. தொலைக்காட்சிப் பெட்டியோடு இணைத்து ஆடப்பெறும் கன்சோல் விளையாட்டே அது.

தமிழ்த்துறை மலரில் இதற்கென்ன இடம் என்று பெரியோர் வினவக்கூடும். அதற்கு விடையாக ஒரு நிகழ்ச்சியைக் கூறுவோம். நம் மாணவர் ஒருவரின் தந்தையார் பாலக்கோட்டுத் தக்காளி மண்டியில் பெட்டி ஏற்றி இறக்கும் உழைப்பாளி. தமையனார் ஓசூரில் தொழிற்சாலைப் பணியாளர். தமையனார் மாதத் தவணையில் ஒரு கன்சோலை வாங்கி வந்தார். பொறியின் பெட்டிமீது 120 என்ற எண் அச்சிடப்பட்டிருந்தது. வீட்டில் இணைத்து ஆடியபோதோ படம் தயங்கித் தயங்கி நகர்ந்தது. பொத்தானை அழுத்தினால் சற்றுக் கழித்தே பந்து எழும்பியது. ஏமாற்றப்பட்டோம் என்ற எண்ணம் வீட்டில் மனத்தாங்கலாக வளர்ந்தது. "ஐயா, மெஷின்ல குறையா, டிவியில குறையா, தெரியல. அத்தனை காசு வீணாப் போச்சுன்னு அப்பா பேசவே மாட்டேங்கிறார்" என்றார் மாணவர். விளக்கிச் சொல்லுமாறு கேட்டோம். "இதெல்லாம் தமிழ்ல சொல்ல வராதுங்க ஐயா" என்றார்.

முன்னைய சொல் எம் இரக்கத்தைத் தூண்டியது. பின்னைய சொல் எம்மைச் சுட்டது. கணிப்பொறித் துறை நண்பர்களிடம் கேட்டும் படித்தும் தெளிந்தவற்றை ஈண்டுத் தொகுத்துரைக்க முற்படுகிறோம்.

படச்சட்டம் என்பது யாது?

சிறுபருவத்தில் அத்தாவின் கைபிடித்துச் சென்று டென்ட் கொட்டகையில் படம் பார்த்த நினைவு எமக்குண்டு. சில வேளை படச்சுருள் சிக்கி நிற்கும். ஓடிக்கொண்டிருந்த குதிரை அசைவற்று நிற்கும்; மறுகணம் விளக்கின் சூட்டில் அப்படம் பொசுங்கி வெண்திரையாகும். அசைவு என்று நாம் கண்டது அசையாப் படங்களின் வரிசையே என்று அன்று விளங்கிற்று. அவ்வரிசையில் உள்ள ஒவ்வொரு படத்தையும் 'ஃபிரேம்' என்பர். நாம் படச்சட்டம் என்போம். ஒரு வினாடியில் எத்தனை படச்சட்டங்கள் தோன்றுகின்றன என்பதே சட்டவீதம்.

பேசும்படம் தோன்றிய காலந்தொட்டுத் திரைப்படத்தின் சட்டவீதம் வினாடிக்கு 24 என நிலைபெற்றது. நம் பழைய தூர்தர்சன் ஒளிபரப்பு 50 ஹெர்ட்சு மின்சாரத்தை ஒட்டி அமைந்தமையால் வினாடிக்கு 25 முழுப்படங்களைக் காட்டியது. சப்பானிலும் அமெரிக்காவிலும் அது ஏறத்தாழ 30. இவ்வேறுபாடு விளையாட்டையும் தாக்கிற்று. வினாடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படும் திரைக்கென இயற்றப்பட்ட சப்பானிய ஆட்டங்கள் பல, 1990களில் 50 முறை புதுப்பிக்கும் ஐரோப்பியத் திரைகளில் திருத்தமின்றி வெளிவந்தபோது, ஆறில் ஒரு பங்கு மெதுவாக ஓடின. இசையும் உடன் தளர்ந்தது.

திரைப்படத்துக்கு 24 போதுமெனில் விளையாட்டுக்கு 60 எதற்கு? வேறுபாடு ஈதே. திரைப்படத்தை நாம் காண்கிறோம். விளையாட்டோ நம் கைக்கு மறுமொழி தருகிறது. மணிக்கு 140 கிலோமீட்டர் வேகத்தில் வீசப்பெறும் பந்து மட்டையாளரை அடைய அரை வினாடிக்கும் குறைவான நேரமே ஆகும். வினாடிக்கு 30 சட்டங்களில் அப்பந்தின் பயணத்தை ஏறத்தாழ 13 படங்களாகக் காண்போம். 60இல் 27 படங்களாகக் காண்போம். பொத்தானை அழுத்தியதன் விளைவும் அடுத்தடுத்த சட்டங்களிலேயே தோன்றுவதால், சட்டம் நீண்டால் மறுமொழியும் தாழும்.

நேரத்தின் வரவு செலவு

வினாடிக்கு 30 சட்டங்கள் எனில் ஒரு படத்தை வரையப் பொறிக்குக் கிடைக்கும் நேரம் 33.3 மில்லி வினாடி. 60 எனில் 16.7, 120 எனில் 8.3. கண்ணிமைக்கும் பொழுது ஒரு வினாடியின் பத்தில் ஒரு பங்கு எனச் சுருக்கிக் கொண்டாலும், ஒரு மாத்திரைக்குள் ஆறு முழுப்படங்களை வரைந்து முடித்தல் வேண்டும் என்பது பெறப்படும்.

ஒகேனக்கல் அருவியின் எதிரே பரிசலில் அமர்ந்த ஓவியர் ஒருவரை எண்ணிப் பாருங்கள். நாள் முழுதும் தந்தால் பாறையின் வரியையும் நீர்த்திவலையின் ஒளியையும் தீட்டுவார். ஒரு நாழிகையே தந்தால் பாறையும் அருவியும் கோடுகளாக நிற்கும். நேரம் குறைந்தால் நுணுக்கம் குறையும். நுணுக்கம் வேண்டின் நேரம் செலவாகும். கன்சோலின் நிலையும் இதுவே.

இதனை எண்ணாலும் காட்டலாம். 4கே எனப்படும் திரையில் 3840க்கு 2160 என்ற கணக்கில் 82,94,400 படப்புள்ளிகள் உள. முழு எச்.டி. திரையில் 20,73,600 புள்ளிகளே. 4கே படத்தை 60 சட்டங்களில் வரைய வினாடிக்கு ஏறத்தாழ 50 கோடிப் புள்ளிகளுக்கு நிறங்கணிக்க வேண்டும். 30 சட்டங்களாயின் அது பாதியாகும். ஒளி எதிரொளிப்பது, நிழல் விழுவது, புகை படர்வது என ஒவ்வொன்றும் அக்கணக்கின்மேல் ஏறும் சுமையே.

மேசைக் கணிப்பொறியாயின் உறுப்பை மாற்றி வலுவைக் கூட்டலாம். கன்சோலோ விற்ற நாளில் இருந்த வலுவோடு பல்லாண்டு வாழ்வது. 2020 நவம்பரில் எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸும், 2021 பிப்ரவரியில் பிளேஸ்டேஷன் 5உம் நம் நாட்டில் 49,990 ரூபாய் விலையில் அறிமுகமாயின. அவ்வலு வரம்புக்குள் எதைக் கூட்டி எதைக் குறைப்பது என்று ஆட்டத்தை இயற்றுவோர் முடிவு செய்கின்றனர். பல ஆட்டங்களில் அம்முடிவின் ஒரு பகுதி ஆடுவோரிடமே விடப்படுகிறது. 'தரம்' என்ற முறையைத் தேர்ந்தால் காட்சி நுணுக்கமாகும், சட்டவீதம் பெரும்பாலும் 30 ஆகும். 'செயல்திறன்' என்ற முறையைத் தேர்ந்தால் நுணுக்கம் குறையும், சட்டவீதம் 60ஐ நாடும்.

நுணுக்கத்தைக் குறைத்தால் எப்போதும் வேகம் கூடுமோ எனின், கூடாது. நம் மாவட்டத் தெருக்கூத்தை நோக்குக. ஒப்பனை செய்வோர் ஒருபுறம். அடுத்து யார் களமேறுவது, என்ன பாடுவது என முடிவு செய்யும் வாத்தியார் மறுபுறம். ஒப்பனையால் தாமதம் எனில் அரிதாரத்தைக் குறைக்கலாம். வாத்தியாரின் முடிவே தாமதமெனில் அரிதாரத்தைக் குறைத்து யாது பயன்? கன்சோலில் வரைகலைச் செயலி ஒப்பனை செய்வோர். மையச் செயலி வாத்தியார். நூற்றுக்கணக்கான மாந்தர் நடமாடும் நகரத்தைக் காட்டும் ஆட்டங்களில் மையச் செயலியே பெரிதும் திணறும். ஆங்குத் தெளிவைக் குறைப்பதால் பயன் சிறிதே.

தளை தட்டும் திரை

சட்டவீதம் எவ்வளவு உயர்வு என்பதினும் எவ்வளவு சீர்மை என்பதே தலையாயது. செய்யுளில் சீர்கள் பல இருந்தும் தளை தட்டினால் ஓசை கெடுவதை யாம் அறிவோம். திரையிலும் அங்ஙனமே.

வினாடிக்கு 60 முறை புதுப்பிக்கும் திரையில் 40 சட்டங்களை ஓட்டினால், ஒரு படம் ஒரு முறையும் அடுத்த படம் இரு முறையும் காட்டப்படும். முன்னது 16.7 மில்லி வினாடியும் பின்னது 33.3 மில்லி வினாடியும் நிற்கும். எண் 30ஐ விடப் பெரிது. ஆயினும் கண்ணுக்கு உறுத்தல். ஆதலின் 60ஐச் சமமாக வகுக்கும் 30ஐயே பலர் தேர்ந்தனர். அதே 40ஐ 120 முறை புதுப்பிக்கும் திரையில் ஓட்டினால், ஒவ்வொரு படமும் சரியாக மும்முறை காட்டப்பட்டு 25 மில்லி வினாடி நிற்கும். 'ராட்செட் அண்ட் கிளாங்க்: ரிஃப்ட் அபார்ட்' என்னும் ஆட்டத்தில் இம்முறை பிற்சேர்க்கையாக வந்தது. படம் ஆயத்தமான நொடியிலேயே புதுப்பித்துக்கொள்ளும் திரைகளும் இன்று உள. எனினும் இவற்றுக்கெல்லாம் ஏற்ற தொலைக்காட்சி வேண்டும் என்பதை மறத்தல் ஆகாது.

அளபெடை ஒத்த உத்தி

ஓசை குறையுமிடத்து உயிரை நீட்டி நிறைப்பது இசைநிறை அளபெடை. செவிக்கு நிறைவு உண்டு. பொருள் புதிதாகத் தோன்றுவதில்லை. இக்காலப் பொறிகளும் இரு சட்டங்களுக்கிடையே ஒரு சட்டத்தைக் கணித்துச் செருகுகின்றன. தொலைக்காட்சிகளில் உள்ள 'அசைவை மென்மையாக்கும்' வசதியும் இவ்வகையினதே. கண்ணுக்கு வழுக்கலான ஓட்டம் கிடைக்கும். ஆனால் செருகிய படத்தில் நம் கையசைவுக்கான புதிய மறுமொழி இல்லை. இடைப்படத்தைக் கணிக்க அடுத்த படம் வரும்வரை காத்திருக்க வேண்டியிருப்பதால் தாமதம் கூடவும் செய்யும். செவிநிறைவைப் பொருள்நிறைவு என மயங்காதது போல, காட்டப்படும் எண்ணை ஆட்டத்தின் விரைவு என மயங்குதல் கூடாது.

அளவு பிழைத்ததும் அளவு பொருந்தியதும்

அளவு பிழைத்தால் நேர்வதற்குப் போலந்து நாட்டிலிருந்து 2020 டிசம்பர் 10ஆம் நாள் வெளிவந்த 'சைபர்பங்க் 2077' சான்றாகும். வலுமிக்க பொறிகளை எண்ணி விரிக்கப்பட்ட அந்நகரம், 2013இல் வந்த முந்தைய தலைமுறைக் கன்சோல்களில் தள்ளாடியது, பிழைகளும் மலிந்தன. ஒரு வாரத்திற்குள் சோனி நிறுவனம் தன் கடையிலிருந்து அதனை நீக்கிப் பணத்தைத் திருப்பித் தர முன்வந்தது. 2021 சூன் மாதத்திலேயே அது மீண்டும் விற்பனைக்கு வந்தது.

அளவு பொருந்தியதற்குச் சான்று தமிழிலேயே உண்டு என்பது நமக்குப் பெருமை. கனடாவின் டொராண்டோ நகரில் விசை கேம்ஸ் என்ற சிறு குழுவினர் இயற்றி 2023 சூலை 31இல் வெளியிட்ட ஆட்டத்தின் பெயர் 'வெண்பா'. வெண்பா என்னும் தாய், பாவலன் என்னும் கணவர், கவின் என்னும் மகன் ஆகியோர் புலம்பெயர்ந்த மண்ணில் வாழும் வாழ்வே கதை. சிதைந்த சமையற்குறிப்பேட்டைக் கொண்டு இட்டிலி முதலாய உணவுகளைச் சமைப்பதே ஆட்டம். தட்டையான வண்ண ஓவியங்களால் ஆனது. பொறியின் வலுவை உறிஞ்சும் ஒளிநுணுக்கம் எதனையும் அது நாடவில்லை. பந்து எழும்பும் வேகமும் அதற்கு வேண்டியதில்லை. தாயின் தவிப்பும் மகனின் தயக்கமும் தோன்றினால் போதும். தன் தேவையை அறிந்து அளவைத் தேர்ந்த அவ்வாட்டம் 2024இல் பிரித்தானிய பாஃப்டா அமைப்பின் முதற்படைப்புக்கான விளையாட்டு விருதைப் பெற்றது. நாலடியில் நிற்கும் வெண்பாவை, அடி குறைவு என்று எவரும் குறை கூறுவதில்லை அன்றோ?

முடிவுரை

மாணவர் வீட்டுக் கதைக்கு மீள்வோம். கணிப்பொறித் துறை நண்பர் உடன்வர, ஒரு ஞாயிறன்று சென்று பார்த்தோம். பொறியில் பழுதில்லை. தொலைக்காட்சி வினாடிக்கு 60 முறை மட்டுமே புதுப்பிப்பது. 120 என்ற எண்ணுக்கு அங்கு இடமே இல்லை. ஆட்டம் 'தரம்' என்ற முறையில் இருந்தது. அசைவை மென்மையாக்கும் வசதி திறந்திருந்தது. அதனை மூடி, தொலைக்காட்சியை 'கேம் மோடு' என்ற நிலைக்கும், ஆட்டத்தைச் 'செயல்திறன்' முறைக்கும் மாற்றினோம். பந்து கைக்கு அடங்கிற்று. ஒரு ரூபாயும் செலவாகவில்லை. தந்தையார் திரையைச் சற்று நேரம் நோக்கிவிட்டு, "அப்ப பையன் ஏமாறலை" என்று மட்டும் சொன்னார். தவணை இன்னும் பதினோரு மாதம் உள்ளது.

இவ்வாட்டங்களில் பொழுதைப் போக்குமாறு மாணவர்க்குப் பரிந்துரைப்பது எம் நோக்கமன்று. படிப்புக்குப் பின்னரே ஆட்டம் என்பதில் ஐயமில்லை. வாங்கத் துணிவோர் மூன்றினை வினவுக: நம் தொலைக்காட்சி வினாடிக்கு எத்தனை முறை புதுப்பிக்கிறது? நாம் ஆட விரும்பும் ஆட்டம் விரைவை வேண்டுவதா, காட்சியை வேண்டுவதா? பெட்டிமீதுள்ள எண் அவ்வாட்டத்தில் மெய்யாகவே கிட்டுமா? இவற்றுக்கு விடை தெரியாமல் பெரிய எண்ணுக்குப் பெரும்பணம் தருவது உழைப்புக்கு இழைக்கும் தீங்காகும்.

தமிழில் சொல்ல வராது என்ற அம்மாணவர் இக்கட்டுரையின் படியைப் படித்தார். இரண்டு இடங்களில் எம் கணக்கைத் திருத்தியும் கொடுத்தார். திருத்தங்களைத் தமிழிலேயே எழுதியிருந்தார்.