ஒரே பாடம், ஒரே வாய்ப்பா?

காலை மணி அடித்ததும் நாம் வழிபாட்டிற்கு அணிவகுத்து நிற்கிறோம். அவ்வேளையில் புதியவர் ஒருவர் வந்து நம்மைப் பார்த்தால் என்ன காண்பார்? ஒரே நிறச் சீருடை, இரட்டைப் பின்னல், ஒரே நிற ரிப்பன். இவர்களுள் அலுவலர் மகள் யார், மீன் விற்பவர் மகள் யார், கொத்துவேலைக்குச் செல்பவர் மகள் யார் என்று அவரால் சொல்ல இயலாது. பள்ளி நமக்குத் தந்துள்ள நற்பேறுகளுள் இதுவும் ஒன்று. ஆனால் மாலை மணி அடித்ததும் நாம் வெவ்வேறு வீடுகளுக்குத் திரும்புகிறோம். படிப்பில் ஒரு பாதி அங்கேதான் நடைபெறுகிறது. அந்தப் பாதியிலும் நாம் அனைவரும் ஒரே நிலையில் இருக்கிறோமா என்பதைச் சற்றே எண்ணிப் பார்ப்போம்.

சமத்துவமும் சமநீதியும்

இவ்விரு சொற்களையும் ஒன்றெனவே பலர் கருதுவர். எல்லோருக்கும் ஒரே அளவாகக் கொடுப்பது சமத்துவம். எல்லோரும் ஒரே பயனை அடையுமாறு அவரவர் தேவையறிந்து கொடுப்பது சமநீதி. இதற்குச் சான்று தேடி வெகுதூரம் செல்ல வேண்டுவதில்லை. ஆண்டின் தொடக்கத்தில் ஆசிரியை நம் இருக்கைகளை மாற்றி அமைக்கிறார் அல்லவா? கண்பார்வை குறைந்தவள் முதல் வரிசைக்கு வருகிறாள். உயரமானவள் பின் வரிசைக்குப் போகிறாள். கரும்பலகை எல்லோருக்கும் ஒன்றுதான். ஆயினும் பார்வை குறைந்தவளைக் கடைசி வரிசையில் அமர்த்தினால் அவளுக்குப் பாடம் தெரிவதில்லை. சில வெண்கோடுகளே தெரிகின்றன. அவளை முன்னே அமர்த்துவதை நாம் யாரும் ஓரவஞ்சனை என்று சொல்வதில்லை.

கல்வி பரவிய வழி

நம் மாநிலத்தில் கல்வி பரவிய வரலாறும் இதையே காட்டுகிறது. சகோதரி சுப்புலட்சுமி என்ற பெயரைப் பெரியோர் கேட்டிருப்பர். சிறு வயதிலேயே விதவையான அவர், கன்னியர் நடத்திய பள்ளியிலும் பயின்று, 1911ஆம் ஆண்டில் சென்னை மாநிலக் கல்லூரியில் பட்டம் பெற்றார். அந்நாளிலும் பெண்களுக்கென்று பள்ளிகள் இருந்தன. ஆனால் கணவனை இழந்த சிறுமி வீட்டு வாசலைத் தாண்ட ஊரார் ஒப்பவில்லை. ஊரைவிட்டு வந்தாலோ அவளுக்குத் தங்க இடமில்லை. பள்ளிக் கதவு திறந்திருந்தால் மட்டும் போதாது, தங்குவதற்கு ஒரு வீடும் வேண்டும் என்று அவர் உணர்ந்தார். ஆகவே அத்தகைய பெண்களுக்கென இல்லம் ஒன்றை அமைத்தார். பின்னாளில் அது சென்னைக் கடற்கரையை அடுத்த ஐஸ் ஹவுஸ் கட்டடத்தில் இயங்கியது. மூலையில் முடங்கிக் கிடந்திருக்க வேண்டிய பெண்கள் பலர் அங்குத் தங்கிப் படித்து ஆசிரியையராக வெளிவந்தனர்.

மதிய உணவும் அவ்வாறு வந்ததே. கட்டணம் இல்லாத பள்ளியாயினும் பசித்த பிள்ளை அங்கு வராது. வந்தாலும் பாடம் ஏறாது. இதை அறிந்தே 1956இல் காமராசர் முதலமைச்சராக இருந்தபோது பள்ளிகளில் மதிய உணவு தொடங்கியது. 1982இல் எம்.ஜி.ஆர். அதைச் சத்துணவுத் திட்டமாக விரிவாக்கினார். 2022இல் தொடக்கப் பள்ளிகளில் காலை உணவும் சேர்ந்தது. ஆறு வயது முதல் பதினான்கு வயது வரை உள்ள பிள்ளைகள் அனைவருக்கும் இலவசக் கட்டாயக் கல்வி உரிமை என்னும் சட்டம் 2010ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. உரிமையைச் சட்டம் தருகிறது. அதைப் பிள்ளையின் கைக்குக் கொண்டு சேர்ப்பது சோறும், தங்கும் இல்லமும், அக்கறையுள்ள ஆசிரியரும்தாம்.

பள்ளி வீட்டிற்கு வந்த காலம்

2020ஆம் ஆண்டு மார்ச் மாதம் கொரோனாத் தொற்றின் காரணமாகப் பள்ளிகள் மூடப்பட்டன. நம் மாநிலத்தில் ஒன்று முதல் எட்டு வரையிலான வகுப்புகள் மீண்டும் திறக்கப்பட்டது 2021 நவம்பர் முதல் நாளில்தான். அப்போது நம்முள் பலர் சிறுமியர். கைப்பேசியின் சிறு திரையில் ஆசிரியையின் முகத்தைத் தேடிய நாள்கள் நினைவில் உள்ளன. திரையே கிட்டாத பிள்ளைகளும் இருந்தனர். அவ்வாறு எவ்வகையிலும் தொலைவழிக் கல்வி சென்றடையாத பிள்ளைகள் உலகெங்கும் குறைந்தது 46 கோடியே 30 லட்சம் பேர் என்று ஐ.நா. குழந்தைகள் நிதியம் 2020 ஆகஸ்டில் கணக்கிட்டது.

இணையவழி வகுப்பு எல்லோருக்கும் ஒன்றுதானே, பின் ஏற்றத்தாழ்வு எங்கிருந்து வந்தது என்று சிலர் கேட்கலாம். அவ்வகுப்பு நடைபெற என்னென்ன தேவை என்று பட்டியலிட்டால் விடை தெரியும். முதலில் ஒரு ஸ்மார்ட்போன் வேண்டும். இணைய இணைப்புக்கு ரீசார்ஜ் செய்யப் பணம் வேண்டும். வீடியோவில் ஒரு மணி நேரப் பாடம் கேட்டால் அரை ஜிபிக்கு மேலும் செலவாகிவிடும். வீட்டில் மூன்று பிள்ளைகள் இருந்தால் ஒரு நாள் அளவு நண்பகலுக்குள் தீர்ந்துவிடும். மின்சாரம் வேண்டும், சிக்னல் வேண்டும். ஓரறை வீட்டில் அமைதியான ஒரு மூலை வேண்டும். ஐயம் தோன்றினால் விளக்கிச் சொல்ல அருகில் ஒருவர் வேண்டும். பள்ளியில் இவை யாவும் கட்டடத்தோடும் ஆசிரியையோடும் தாமாகவே நமக்குக் கிடைத்தவை. வீட்டிலோ ஒவ்வொன்றையும் பெற்றோரின் கூலியிலிருந்து வாங்க வேண்டியதாயிற்று.

பெண்பிள்ளைக்கு மேலும் ஒரு தடை இருந்தது. இந்திய ஊரகங்களில் பள்ளிப் பிள்ளைகள் உள்ள வீடுகளில் ஸ்மார்ட்போன் வைத்திருந்தவை 2018இல் நூற்றுக்கு 36, 2020இல் 62. இது ‘அசர்’ என்னும் கல்வி ஆய்வின் கணக்கு. நல்ல வளர்ச்சிதான். ஆனால் வீட்டில் கைப்பேசி இருப்பது வேறு, அது மகளின் கையில் இருப்பது வேறு. 2019–21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி, இணையத்தை ஒருமுறையேனும் பயன்படுத்தியவர்கள் ஆண்களில் நூற்றுக்கு 57 பேர். பெண்களில் 33 பேர் மட்டுமே. இருப்பது ஒன்றேயானால் அது அண்ணனுக்கோ தம்பிக்கோ முதலில் போகிறது. அவன் பாடம் கேட்கையில் வீடு அமைதியாக இருக்கிறது. அவள் பாடம் கேட்கையில் அடுப்பில் உலை கொதிக்கிறது.

மனிதர் துணை

இக்குறை அரசுக்கும் தெரியாமல் இல்லை. 2019இல் தொடங்கப்பெற்ற கல்வித் தொலைக்காட்சி வாயிலாகப் பாடங்கள் ஒளிபரப்பாயின. 2006 முதல் இலவச வண்ணத் தொலைக்காட்சிகள் வழங்கப்பட்டிருந்தமையால், கைப்பேசி எட்டாத பல வீடுகளையும் தொலைக்காட்சி எட்டியது. ஆயினும் தொலைக்காட்சியிடம் ‘புரியவில்லை’ என்று சொல்ல இயலாதே! அக்குறையைப் போக்கவே 2021 அக்டோபரில் ‘இல்லம் தேடிக் கல்வி’ தொடங்கியது. ஏறத்தாழ 20 பிள்ளைகளுக்கு ஒரு தன்னார்வலர் என்ற கணக்கில், தெருத் திண்ணைகளிலும் கோவில் மண்டபங்களிலும் சமுதாயக் கூடங்களிலும் மாலைதோறும் வகுப்புகள் நடந்தன. தன்னார்வலருள் பெரும்பாலோர் பெண்கள். நம்முள் சிலரின் அக்காமாரும் அவ்வாறு பாடம் சொல்லித் தந்தவர்களே. விட்டுப்போன பாடத்தைச் சேர்த்துத் தர இறுதியில் தேவைப்பட்டது பிள்ளையின் அருகில் உட்கார்ந்து கேட்கும் ஒரு மனிதர்தான்.

இதனால் இணையவழிக் கல்வியே தீது என்று சொல்ல வரவில்லை. இந்தியத் தொழில்நுட்பக் கழகப் பேராசிரியர்களின் விரிவுரைகளை ஒரு சிற்றூர் மாணவியும் இன்று இலவசமாகக் கேட்க முடிகிறது. நம் பாடநூல்களில் அச்சிட்டுள்ள கியூஆர் குறியீட்டைக் காட்டினால் படங்களோடு விளக்கம் வருகிறது. வெளியே அனுப்ப வீட்டார் தயங்கும் பெண்ணும், நடக்க இயலாத பிள்ளையும் இருந்த இடத்திலிருந்தே கற்கலாம். ஆனால் இந்த நன்மை எல்லார் வாசலுக்கும் தானாக வந்துவிடாது. எவள் விடுபட்டாள் என்று பார்த்துப் பார்த்துக் கொண்டு சேர்க்க வேண்டியுள்ளது.

நம் வகுப்பில் நடந்தது

தொற்று நீங்கிப் பள்ளி திறந்தபின் இச்சிக்கல் தீர்ந்தது என்றே நாமும் எண்ணியிருந்தோம். அது உண்மையன்று என்பதை நம் தோழி ஒருத்தியால் அறிந்தோம். வீட்டுப்பாடமும் அறிவிப்புகளும் வகுப்பு வாட்ஸ்அப் குழுவில் இரவில் வருவது வழக்கமாகியிருந்தது. ஒரு நாள் இரவு எட்டு மணிக்கு, மறுநாள் சார்ட் ஒன்று வரைந்து வர வேண்டும் என்று செய்தி வந்தது. மறுநாள் அவள் மட்டும் வெறுங்கையோடு வந்தாள். “ஏன் பார்க்கவில்லை?” என்று ஆசிரியை கேட்டதற்கு, “மறந்துவிட்டேன் மிஸ்” என்றாள். இது முதல் தடவையன்று. ஆகவே அவளுக்கு ‘மறதிக்காரி’ என்று பெயர் வைத்து நாமும் சிரித்தோம்.

பின்னரே உண்மை தெரிந்தது. அவள் தந்தை சரக்கு ஆட்டோ ஓட்டுபவர். வீட்டின் ஒரே கைப்பேசி சவாரிக்காக அவரிடமே இருக்கும். இரவு ஒன்பதரைக்கு அவர் வந்ததும் அது தம்பியின் பாடத்திற்குப் போகும். பாத்திரம் துலக்கிவிட்டு அவள் கையில் எடுக்கும்போது மணி பத்தரை. சார்ட் வாங்கக் கடை ஏது? வீட்டு நிலையைப் பலர் முன் சொல்வதைவிட மறதிக்காரி என்ற பெயரை ஏற்பதே அவளுக்கு எளிதாக இருந்தது. நம் சிரிப்பை நினைத்து நாம் நாணினோம்.

அவளிடம் மன்னிப்புக் கேட்டு, அவள் இசைவு பெற்று, வகுப்பாசிரியையிடம் தனியே சென்று சொன்னோம். அவர் சற்று நேரம் பேசவில்லை. மறுநாள் முதல், கடைசி மணிக்கு முன் கரும்பலகையின் இடது மூலையில் வீட்டுப்பாடத்தை எழுதிவைக்கும் வழக்கம் வந்தது. திடீர் அறிவிப்பு ஏதேனும் இரவில் வந்தால் அது ஒரு நாள் கழித்தே கணக்கில் கொள்ளப்படும் என்றும் முடிவாயிற்று. இதற்குச் செலவான தொகை ஒரு சாக்குத்துண்டு. அன்றுதொட்டு நம் தோழிக்கு மறதி வந்ததில்லை. அவளைப் போலவே மேலும் நால்வர் அந்த மூலையைப் பார்த்து எழுதிக்கொள்வதையும் கண்டோம். அவர்கள் அதுவரை வாய் திறந்ததே இல்லை.

நாம் செய்யக்கூடியவை

அன்பார்ந்த பெற்றோரே, ஒரே கைப்பேசி உள்ள வீடாயின் மகனுக்கு ஒரு மணி நேரமானால் மகளுக்கும் ஒரு மணி நேரம் என்று வகுத்துக் கொடுங்கள். அந்த நேரத்தில் அடுக்களை வேலைக்கு அவளை அழைக்காதீர்கள். பெருமதிப்பிற்குரிய சகோதரியரே, ஆசிரியையரே, நம் வகுப்பின் கரும்பலகை மூலை எல்லா வகுப்புகளுக்கும் வர வேண்டும் என்பது எங்கள் பணிவான வேண்டுகோள். பள்ளிக் கணினி அறை மாலையில் ஒரு மணி நேரம் கூடுதலாகத் திறந்திருந்தால், வீட்டில் வசதியற்றோர் அங்கேயே பாடத்தை முடித்துச் செல்வர். தோழியரே, வெறுங்கையோடு வருபவளைப் பார்த்து நகைக்குமுன் அவள் வீட்டில் மணி எத்தனைக்குக் கைப்பேசி கிடைக்கிறது என்று ஒருமுறை எண்ணிப் பாருங்கள்.

காலையில் சீருடை நம்மை ஒன்றாகக் காட்டுகிறது. மாலையிலும் நாம் ஒன்றாகவே கற்க, இருப்பவள் இல்லாதவளுக்குக் கைகொடுத்து வாழ முயல்வோமாக!