தப்பொலிக்கு முன் ஒரு வருடம்

நமுனுகுலை மலைச்சாரலில் நான் பிறந்து வளர்ந்த தோட்டத்திலே கடிகாரம் இருந்த லயக்காம்பிராக்கள் மிகச் சில. ஆயினும் நேரம் அறியாதார் ஒருவரும் இலர். இருள் பிரியுமுன் பெரட்டுத் தப்பு முழங்கும், அடுப்புகள் புகையும், பெண்கள் கூடையைத் தலையில் மாட்டிக்கொண்டு பெரட்டுக்களத்துக்கு இறங்குவர். கனவுக்கும் நனவுக்கும் இடையே எங்களுக்கு எல்லைக்கல்லாய் நின்றது அந்தத் தப்பொலியே.

1964ஆம் ஆண்டு ஒக்டோபரில் சிறிமாவோ அம்மையாரும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்துகொண்ட ஒப்பந்தம், 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவதென்று கணக்கிட்டது. அக்கணக்கினுள் என் தமக்கையும் ஒருத்தி. எழுபதுகளின் தொடக்கத்தில் பதுளையில் ரயிலேறித் தலைமன்னாரில் கப்பலேறிய அவள், கணவனோடு திருச்சிப் பக்கத்துக் கிராமமொன்றில் குடியமர்ந்தாள். அதன்பின் அம்மா அவளைக் கண்டது கனவில் மட்டுந்தான்.

ஒருநாட் காலை, தேநீர்க் கோப்பையை என் கையில் தந்தபடியே அம்மா சொன்னாள்: "ராத்திரி அக்கா வீட்டுல ஒரு வருசம் இருந்துட்டு வந்தேன்யா." பேரன் பிறந்ததும், மொட்டையடித்ததும், அவன் திண்ணையைப் பிடித்து நடந்ததும் ஒன்றுவிடாமற் கூறினாள். கடைசியில் அவ்வூர் மாரியம்மன் திருவிழா. தப்படித்துச் சாமி புறப்பட்டது. அந்தத் தப்புத்தான் பெரட்டுத் தப்பு, விழித்துவிட்டாள்.

அப்போது நான் ஆசிரியப் பயிற்சி மாணவன். நூலகத்திலிருந்த பழைய உளவியல் நூலொன்றில், பிரெஞ்சு அறிஞர் அல்பிரெட் மோரி 1861இல் தம் நூலில் எழுதிய கனவைப் படித்திருந்தேன். பிரெஞ்சுப் புரட்சியின் பயங்கர நாட்களில் தாம் பிடிபட்டு, ரொபெஸ்பியர் முதலியோர் முன் விசாரிக்கப்பட்டு, கொலைக்களத்துக்குக் கொண்டுசெல்லப்பட்டு, கில்லட்டின் கத்தி கழுத்தில் விழக் கண்டாராம். விழித்துப் பார்த்தால், கட்டிலின் தலைமாட்டுச் சட்டம் கழுத்தின்மேல் விழுந்து கிடந்தது! சட்டம் விழுந்த நொடிக்கும் விழித்த நொடிக்கும் இடையில் அத்தனை நிகழ்ச்சியும் மூளையில் ஓடி முடிந்தன என்பது அவர் முடிபு.

கற்றதை உடனே கொட்டிவிடும் வயது அது. "அம்மா, நீ அங்கே ஒரு வருடம் இருக்கவில்லை. தப்புச் சத்தம் காதில் விழுந்த அந்த ஒரு நொடியில்தான் எல்லாம் உண்டானது" என்று விளக்கினேன்.

"அப்ப நான் அங்க போகவே இல்லையா?" என்றாள். அதற்குப் பிறகு அவள் தன் கனவு எதையும் என்னிடம் சொன்னதில்லை.

நான் விற்றது பழைய சரக்கு. மோரியின் விளக்கத்தைப் பிராய்டே தம் 1900ஆம் ஆண்டு நூலில் அப்படியே ஏற்கவில்லை; முன்னரே மனத்தில் ஆயத்தமாய்க் கிடந்த கற்பனையொன்று அங்கே தட்டியெழுப்பப்பட்டிருக்கலாம் என்றார். 1953இல் சிக்காகோவில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும், உறங்குவோரின் கண்கள் மூடிய இமைக்குள் விரைந்து அசையும் வேளைகளைக் கண்டறிந்தனர். 1957இல் டிமென்ட் என்பவரும் கிளைட்மனும், அத்தகைய உறக்கம் தொடங்கி ஐந்து நிமிடத்திலோ பதினைந்து நிமிடத்திலோ ஆட்களை எழுப்பி, எவ்வளவு நேரம் கனவு கண்டீர் என வினவினர். பெரும்பாலோர் சரியாகவே சொன்னார்கள். மறு ஆண்டு, உறங்குவோர்மீது தண்ணீர் தெளித்துச் சிறிது தாமதித்து எழுப்பிப் பார்த்தார்கள். கனவில் மழையோ ஒழுகலோ புகுந்தவர்களிடத்தே, அதற்குப்பின் நடந்த கனவுக்கதை தாமதித்த நேரத்துக்கு ஏறத்தாழ ஒத்திருந்தது. கனவென்று தெரிந்தே கனவு காண வல்லாரைக் கொண்டு 2014இல் வெளியான ஆய்வொன்றோ, உடலசைவுச் செயல்கள் கனவில் நனவைவிடச் சற்று *அதிக* நேரமே பிடிக்கின்றன என்றது.

அங்ஙனமாயின் அந்த ஒரு வருடம் எப்படி வந்தது? திரைப்படத்தில் வருவது போலத்தான் என்று கொள்கிறேன். தொட்டிலைக் காட்டி, அடுத்து நடக்கும் பிள்ளையைக் காட்டினால் இடைக்காலம் கழிந்ததாக நாமே நம்பிவிடுகிறோம். ஆனால் காட்டிய காட்சிகள் நொடியில் பறப்பவையல்ல. விடியலை நெருங்க நெருங்கக் கனவுறக்கம் நீளுமென்பதும் இன்று தெரிந்ததே. ஆதலின் தப்பு முழங்குமுன்பே அம்மா அந்தத் திண்ணைக்குப் போயிருந்தாள். கால்மணி நேரமேனும் மகளோடு இருந்திருப்பாள். இவற்றை நான் படித்தறிந்தபோது அம்மா மறைந்து பல்லாண்டுகள் ஆகியிருந்தன.

வீரை ஆளவந்தார் தமிழ்ச்செய்யுளாக்கிய ஞானவாசிட்டத்தில் இலவண மன்னன் கதை உண்டு. இந்திரசாலக்காரன் மயிற்பீலியை அசைக்க, அரியணையில் இருந்தபடியே சிறுபொழுதில் காட்டுச் சேரியொன்றில் மணமுடித்து, மக்களைப் பெற்று, பஞ்சத்தில் மெலிந்து, நெடுங்காலம் வாழ்ந்து மீள்கிறான். இம்மட்டில் மோரியின் கதைதான். ஆனால் மன்னன் மறுநாளே அவ்விடத்தைத் தேடிப் புறப்படுகிறான். சேரியும் இருக்கிறது, அழுது புலம்பும் மாமியும் இருக்கிறாள். மாணவனாயிருந்தபோது இப்பகுதியை வெறும் புராணப் புளுகென்று தள்ளியவன் நான்.

பின்னர் ஒருமுறை தமக்கையின் ஊருக்குப் போனேன். அவள் வீட்டில் திண்ணையே இல்லை. இரவு சாப்பாட்டின்பின் அம்மாவின் கனவை அவளுக்குச் சொன்னேன். நான் சொன்ன விளக்கத்தை மட்டும் சொல்லவில்லை. நெடுநேரம் பேசாதிருந்துவிட்டு, "எத்தனை நாள் இருந்தாங்களாம்?" என்று கேட்டாள்.

"ஒரு வருடம்" என்றேன்.